கல்விக்கடன் மனு வங்கியில் தூங்கினால்: ஒப்புகைச் சீட்டிலிருந்து உயர் நீதிமன்றம் வரை

"மேனேஜர் லீவு." "ரீஜனல் ஆபீஸுக்கு அனுப்பியிருக்கோம்." "அடுத்த திங்கட்கிழமை வந்து பாருங்க."

கல்விக்கடன் கேட்டு வங்கிக்கு நடையாய் நடந்த வீடுகளில் இந்த மூன்று வாக்கியங்களும் மனப்பாடம். முடியாது என்று எவரும் சொல்வதில்லை. சொல்லிவிட்டால்கூடத் தேவலை, வேறு வங்கியைப் பார்க்கலாம், மேலே முறையிடலாம். "பார்க்கலாம்" என்பதிலேயே ஜூலை போய் ஆகஸ்ட் வந்துவிடுகிறது. கல்லூரிக் கட்டணத்துக்குக் கடைசித் தேதி நெருங்கும்போது அம்மாவின் வளையல் அடகுக் கடைக்குப் போகிறது. வங்கியின் கணக்கில் அந்த மாணவரின் மனு நிராகரிக்கப்படவே இல்லை. யாரும் எதையும் எழுதவில்லையே!

கீழே வரும் ஒவ்வொரு படிக்கும் குறி ஒன்றுதான்: வங்கியை எழுத்தில் பேச வைப்பது. தேதி போட்ட ஒரு காகிதம் கையில் இருந்தால் குறைதீர்ப்பாளர், நுகர்வோர் ஆணையம், உயர் நீதிமன்றம் என எல்லாக் கதவும் திறக்கும். அது இல்லாமல் எந்தக் கதவைத் தட்டினாலும் முதல் கேள்வியே, "எப்போது விண்ணப்பித்தீர்கள், ஆதாரம் என்ன?" என்பதாகத்தான் இருக்கும்.

உங்கள் உரிமை எதுவரை

கசப்பானதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடன் கிடைத்தே தீர வேண்டும் என்று கேட்கும் உரிமை யாருக்கும் இல்லை. கொடுக்கலாமா வேண்டாமா என்பது வங்கியின் வணிக முடிவு. ஆனால் முடிவைக் காலத்தில் எடுக்க வேண்டும், மறுத்தால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும், ஒப்புக்கொண்ட விதிகளுக்கு மாறாகப் பிணையம் கேட்கக் கூடாது. இவையெல்லாம் உங்கள் உரிமைகள். முறையீட்டில் "கடன் தரவில்லை" என்று எழுதுகிறவர்களைவிட "விதிப்படி முடிவெடுக்கவில்லை" என்று எழுதுகிறவர்களுக்குத்தான் பதில் வருகிறது.

விதிகள் மூன்று இடங்களில் இருக்கின்றன.

முதலாவது, இந்திய வங்கிகள் சங்கம் வகுத்த மாதிரிக் கல்விக்கடன் திட்டம். 2001 முதல் நடைமுறையில் இருக்கிறது, இடையில் சில முறை திருத்தப்பட்டது. விண்ணப்பத்தின் மீது பொதுவாக 15 நாள் முதல் ஒரு மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று அது சொல்கிறது. நிராகரிப்பதானால் கிளை மேலாளர் தனியாகச் செய்துவிட முடியாது, மேலதிகாரியின் ஒப்புதல் வேண்டும். 4 லட்ச ரூபாய் வரை மாணவர் கையிலிருந்து போடும் பங்குத்தொகை கிடையாது. அதற்கு மேல் உள்நாட்டுப் படிப்புக்கு 5 சதவீதம், வெளிநாட்டுப் படிப்புக்கு 15 சதவீதம். இத்திட்டத்தை ஒவ்வொரு வங்கியும் தன் இயக்குநர் குழு வழியாகச் சின்னச் சின்ன மாற்றங்களுடன் ஏற்றுக்கொள்கிறது. ஆகவே உங்கள் வங்கியின் இணையதளத்தில் அதன் கல்விக்கடன் பக்கத்தைத் திறந்து அச்செடுத்து வைத்துக்கொள்ளுங்கள். வங்கியின் சொந்த வாக்கைக் காட்டி வாதாடுவதுபோல் வலுவானது வேறில்லை.

இரண்டாவது, ரிசர்வ் வங்கியின் முன்னுரிமைத் துறைக் கடன் (விவசாயம், கல்வி போன்றவற்றுக்கு வங்கிகள் கட்டாயம் ஒதுக்க வேண்டிய கடன்) வழிகாட்டுதல்கள். இவை வங்கிகளைக் கட்டுப்படுத்துபவை. 2025 ஏப்ரல் 1 முதல் நடப்புக்கு வந்த திருத்தத்தின்படி 25 லட்ச ரூபாய் வரையிலான கல்விக்கடன் முன்னுரிமைத் துறையில் சேரும். அதற்கான விண்ணப்பத்துக்கு வங்கி ஒப்புகை தர வேண்டும். விண்ணப்பம் வந்த தேதி, ஒப்புதல் அல்லது நிராகரிப்பு, அதன் காரணம் எல்லாவற்றையும் ஒரு பதிவேட்டில் ஏற்ற வேண்டும். முடிவை எழுத்தில் தெரிவிக்க எத்தனை நாள் என்பதை வங்கியின் இயக்குநர் குழு நிர்ணயித்திருக்க வேண்டும். அந்தப் பதிவேட்டை மறக்காதீர்கள், பின்னால் வேலைக்கு வரும்.

மூன்றாவது, கடன் கொடுப்போருக்கான நியாய நடைமுறை விதிகள். ரிசர்வ் வங்கி 2003 மே மாதம் வெளியிட்டது. தொடக்கத்தில் 2 லட்ச ரூபாய் வரையிலான சிறு கடன்களுக்கு மட்டும் நிராகரிப்புக் காரணத்தை எழுத்தில் தர வேண்டும் என்று இருந்தது. 2007-இல் அது எல்லாக் கடனுக்குமாக விரிந்தது.

விண்ணப்பிக்கும் நாளிலேயே வழக்குக்கான ஆதாரம் தொடங்குகிறது

கிளைக்குப் போய்க் காகிதக் கட்டைக் கொடுத்துவிட்டு வருவதைவிட இணையம் வழி விண்ணப்பிப்பது நல்லது. 2015 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கிய வித்யாலட்சுமி தளத்தில் ஒரே பொதுப் படிவத்தில் மூன்று வங்கிகளுக்கு விண்ணப்பிக்கலாம். 2024 நவம்பரில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்த பிஎம் வித்யாலட்சுமி திட்டம் வேறு. அரசு பட்டியலிட்ட உயர்தரக் கல்வி நிறுவனங்களில் இடம் பெற்றவர்களுக்கு அது பிணையமோ ஜாமீன்தாரரோ இல்லாத கடனை வகை செய்கிறது. உங்கள் கல்லூரி அந்தப் பட்டியலில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு எந்த வாசல் என்று முடிவு செய்யுங்கள்.

இணையத்தில் போட்டதும் ஒரு விண்ணப்ப எண் வரும். அதுதான் உங்கள் முதல் ஆயுதம். தேதியும் நேரமும் தெரியும்படி அந்தத் திரையைப் படமெடுத்து வைத்துக்கொண்டு கிளைக்குப் போங்கள். "ஆன்லைன்ல போட்டது இங்க வரலை" என்றால் அந்த எண்ணைக் குறிப்பிட்டு ஒரு கடிதத்துடன் நகல்களைக் கொடுத்து, இன்னொரு பிரதியில் முத்திரை, கையெழுத்து, தேதி வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் சண்டை வேண்டாம். அன்று மாலையே அதே கடிதத்தைக் கிளையின் மின்னஞ்சலுக்கு அனுப்புங்கள். ஸ்பீடு போஸ்ட்டில் பதிவும் ஒப்புகையும் சேர்த்து ஒரு பிரதி போகட்டும். மறுத்தவரின் பதவியையும் நாளையும் ஒரு நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள்.

ஒரு நுணுக்கம். நாள் கணக்கு ஓடத் தொடங்குவது முழுமையான விண்ணப்பம் சேர்ந்த நாளிலிருந்துதான் என்று வங்கி வாதிடும். அதனால்தான் ஒவ்வொரு வாரமும் புதிதாக ஒரு காகிதம் கேட்கப்படுகிறது: இன்று வருமானச் சான்று, அடுத்த வாரம் கட்டண விவரம், அதற்கடுத்த வாரம் அப்பாவின் ஆறு மாத வங்கிக் கணக்கு. இதற்கு முறிவு எளிது. "இன்னும் தேவைப்படும் ஆவணங்கள் அனைத்தையும் ஒரே பட்டியலாக எழுத்தில் தரவும்" என்று முதல் வாரத்திலேயே மின்னஞ்சல் அனுப்பிவிடுங்கள். கேட்டதைக் கொடுக்கும்போதெல்லாம் "இன்று இன்ன ஆவணம் ஒப்படைக்கப்பட்டது" என்று ஒரு வரி அனுப்புங்கள். கவுண்டரில் நீட்டிய காகிதத்துக்குச் சாட்சி இல்லை, மின்னஞ்சலுக்கு உண்டு.

கிளையில் சொல்லும் காரணங்களும் அவற்றுக்குப் பதிலும்

கவுண்டரில் வாய்மொழியாக வரும் காரணங்கள் பெரும்பாலும் எழுத்தில் நிற்காதவை. எழுதித் தரத் தயங்குவதும் அதனால்தான்.

"உங்க ஏரியா எங்க பிராஞ்சுக்கு வராது." இது செல்லாது. விண்ணப்பதாரரின் வீடு சேவைப் பகுதிக்குள் இல்லை என்ற காரணத்துக்காகக் கல்விக்கடனை மறுக்கக் கூடாது என்று 2012 நவம்பரிலேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது.

"வீட்டுப் பத்திரம் கொண்டு வாங்க." 4 லட்ச ரூபாய் வரை சொத்துப் பிணையம் வாங்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் கட்டளை. 7.5 லட்ச ரூபாய் வரையிலான கடனுக்கு 2015-இல் வந்த மத்திய அரசின் கடன் உத்தரவாத நிதி இருக்கிறது. கடன் திரும்பாமல் போனால் பாக்கியில் 75 சதவீதத்தை அந்த நிதி வங்கிக்குத் தரும். அந்த உத்தரவாதத்தின் கீழ் வரும் கடனுக்குப் பிணையமோ மூன்றாம் நபர் ஜாமீனோ கேட்பதில்லை. பெற்றோரை இணைக் கடனாளராகச் சேர்ப்பது வேறு, சொத்தை அடமானம் கேட்பது வேறு. முன்னது சரியான கோரிக்கை, அதற்கு மறுப்புச் சொல்லாதீர்கள்.

"அப்பா சிபில் சரியில்லை." பல மனுக்கள் மாட்டிக்கொள்ளும் இடம் இதுதான், கொஞ்சம் நின்று பேசலாம். பெற்றோரின் மோசமான கடன் மதிப்பெண்ணைக் காட்டிக் கல்விக்கடனை மறுத்தது தவறு என்று கேரள உயர் நீதிமன்றம் 2020-இல் சொன்னது. படிப்பு முடிந்தபின் மாணவர் திருப்பிச் செலுத்தும் திறன்தான் அளவுகோல் என்பது அதன் பார்வை. மாணவரின் சொந்த மதிப்பெண் குறைவு என்பதை மட்டும் வைத்து மறுக்கக் கூடாது என்று 2023 மே மாதம் அதே நீதிமன்றம் கூறியது. வேறு மாநில உயர் நீதிமன்றத் தீர்ப்பு இங்கே கட்டுப்படுத்தாது, ஆனால் எடுத்துக்காட்டாக வைத்து வாதாடலாம். வங்கிக்கு எழுதும் கடிதத்திலும் குறிப்பிடலாம். இன்னொரு பக்கம், அப்பாவின் கடன் அறிக்கையை நீங்களே வாங்கிப் பாருங்கள். கடன் தகவல் நிறுவனம் ஒவ்வொன்றும் ஆண்டுக்கு ஒரு முறை இலவசமாகத் தர வேண்டும். முடித்த நகைக்கடன் முடியாததாக நிற்கிறதா, வேறு யாருடைய கடனோ ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். தவறிருந்து நீங்கள் புகார் செய்தால் 30 நாளுக்குள் திருத்த வேண்டும். தாண்டினால் நாளொன்றுக்கு 100 ரூபாய் இழப்பீடு என்பது 2024 முதல் நடப்பில் இருக்கும் விதி. மெய்யாகவே பாக்கி இருந்தால், அம்மாவையோ வேறு நெருங்கிய உறவினரையோ இணைக் கடனாளராகச் சேர்க்க முடியுமா என்று எழுத்தில் கேட்பது நடைமுறை வழி.

"அக்காவுக்கு ஏற்கெனவே கடன் கொடுத்திருக்கு." ஒரே வீட்டில் ஒருவர் வாங்கியிருப்பது இன்னொருவரின் தகுதியைப் பாதிக்காது என்று மாதிரித் திட்டமே சொல்கிறது. தவணை நிலுவையில் இருந்தால் மட்டும் பேச்சு மாறும்.

"இந்த வருஷ டார்கெட் முடிஞ்சுது." முன்னுரிமைத் துறைக் கடனுக்கு 40 சதவீதம் என்பது வணிக வங்கிகள் எட்ட வேண்டிய குறைந்தபட்ச அளவு. அதைத் தாண்டக் கூடாது என்று எந்த விதியும் இல்லை. இந்த வாக்கியத்தை எழுத்தில் கேட்டுப் பாருங்கள், வராது.

"ஒரு டெபாசிட் போடுங்க, பாலிசி எடுங்க, பார்க்கலாம்." இது நடந்தால் தேதியோடு குறித்து வைத்து முறையீட்டில் தனிப் பத்தியாக எழுதுங்கள்.

எதிர்ப்பக்க நியாயத்தையும் சொல்ல வேண்டும். நிர்வாக ஒதுக்கீட்டில் பெரும் நன்கொடை கொடுத்து வாங்கிய இடம், அங்கீகாரம் இல்லாத கல்லூரி அல்லது படிப்பு ஆகியவற்றில் உங்கள் நிலை பலவீனமானது. மாதிரித் திட்டம் நுழைவுத் தேர்வு அல்லது தகுதி அடிப்படையிலான சேர்க்கையைத்தான் மையமாக வைத்திருக்கிறது. அங்கே வழக்கை நம்பிக் காலத்தைக் கடத்துவதைவிட, எழுத்துப்பூர்வ மறுப்பை விரைவாக வாங்கிக்கொண்டு வேறு வங்கிக்கு நகர்வதே புத்திசாலித்தனம்.

முப்பதாம் நாள்: ஒரு கடிதம்

15 நாள் கழித்து ஒரு நினைவூட்டல் போதும். 30 நாள் கடந்தால் கீழே இருப்பதுபோல ஒன்று. கோபத்தைக் காட்டாமல் தேதிகளை மட்டும் பேச விடுங்கள்.

> பெறுநர்: கிளை மேலாளர். நகல்: மண்டல மேலாளர், குறைதீர்ப்புத் தொடர்பு அதிகாரி.
>
> பொருள்: கல்விக்கடன் விண்ணப்பத்தின் மீது முடிவெடுக்காமல் தாமதித்தல் பற்றிய முறையீடு.
>
> ஐயா / அம்மையீர்,
>
> நான் (படிப்பு, கல்லூரி) சேர்க்கை பெற்று, (தொகை) ரூபாய் கல்விக்கடன் கோரி (தேதி) அன்று விண்ணப்பித்தேன். விண்ணப்ப எண்: ____. தாங்கள் கேட்ட ஆவணங்களை (தேதிகள்) ஆகிய நாட்களில் ஒப்படைத்துள்ளேன். இன்றுவரை ஒப்புதலோ நிராகரிப்போ எழுத்தில் வரவில்லை.
>
> கல்லூரிக் கட்டணத்துக்குக் கடைசி நாள் (தேதி). ஆகவே 7 நாட்களுக்குள் (1) விண்ணப்பத்தின் மீதான முடிவை, (2) நிராகரிப்பதானால் மேலதிகாரியின் ஒப்புதலோடு அதற்கான காரணத்தை, (3) ஆவணக் குறை இருந்தால் முழுப் பட்டியலை எழுத்தில் தருமாறு கேட்டுக்கொள்கிறேன். இதனை முறையீடாகப் பதிவு செய்து முறையீட்டு எண் வழங்கவும்.

கடைசி வரிதான் முக்கியம். "முறையீடு" என்ற சொல் இல்லாவிட்டால் வங்கி இதை வெறும் தகவல் கேட்கும் கடிதமாகக் கோப்பில் போட்டுவிடும். நகல் போக வேண்டிய தொடர்பு அதிகாரியின் முகவரியும் மின்னஞ்சலும் வங்கியின் இணையதளத்தில் இருக்கும், கிளைச் சுவரிலும் ஒட்டியிருக்க வேண்டும். இந்தக் கடிதம் சேர்ந்த நாளிலிருந்துதான் குறைதீர்ப்பாளருக்கான 30 நாள் கணக்கு தொடங்குகிறது. சேர்க்கைக் காலத்தில் ஒரு மாதம் என்பது நீண்ட காலம். ஆகவே விண்ணப்பித்த 15-ஆம் நாளே முறையீடாக அனுப்பிவிடுவதிலும் தவறில்லை என்பேன். யாரும் உங்களைக் கோபித்துக்கொள்ளப் போவதில்லை. கோபித்துக்கொண்டால் அதையும் எழுதிக் கேளுங்கள்.

காத்திருக்கும் நாட்களில் கூடவே ஓட வேண்டியவை

ஒவ்வொரு மாவட்டத்திலும் வங்கிகளை ஒருங்கிணைக்க முன்னோடி வங்கி மேலாளர் என்று ஒருவர் இருக்கிறார். எல்லா வங்கிகளும் உட்காரும் மாவட்ட ஆலோசனைக் குழுவுக்கு ஆட்சியர் தலைவர். ஆட்சியருக்கு ஒரு வங்கியைக் கடன் கொடு என்று உத்தரவிடும் அதிகாரம் கிடையாது. ஆனால் அந்தக் கூட்டத்தில் "இந்த மனு ஏன் நிற்கிறது?" என்று அவர் கேட்டால், மண்டல அலுவலகத்திலிருந்து கிளைக்கு அன்று மாலையே போன் போகும். திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் விண்ணப்ப எண், தேதிகள், கடித நகல் ஆகியவற்றோடு ஒரு பக்க மனு கொடுங்கள். பல மாவட்டங்களில் கல்விக்கடன் முகாமும் நடக்கிறது. தமிழ்நாட்டின் மாநில அளவிலான வங்கியாளர் குழுவை இந்தியன் ஓவர்சீஸ் வங்கி ஒருங்கிணைக்கிறது, அதற்கும் ஒரு நகல் போகலாம். சட்டத்தில் இது தீர்வாகாது என்று வழக்கறிஞர்கள் உதட்டைப் பிதுக்குவார்கள். ஆனால் கட்டணக் கடைசி நாளுக்கு முன்னால் பலன் தரக்கூடிய வழிகளில் இதுவும் ஒன்று.

அரசு வங்கியானால் மத்திய அரசின் பொதுக் குறைதீர்ப்புத் தளத்தில் நிதிச் சேவைகள் துறையின் பெயரில் புகார் பதியலாம். 2024-இல் வந்த வழிகாட்டுதலின்படி 21 நாளில் தீர்க்க வேண்டும். செலவில்லை.

தகவல் உரிமைச் சட்டம் அரசு வங்கிகளுக்குப் பொருந்தும், தனியார் வங்கிகளை நேரடியாகக் கேட்க முடியாது. 10 ரூபாய் கட்டணம், 30 நாளில் பதில். கேள்வியை எப்படிக் கேட்பது என்பதில்தான் வெற்றி இருக்கிறது. "ஏன் கடன் தரவில்லை?" என்று கேட்டால் அது தகவல் அல்ல என்று தட்டிவிடுவார்கள். இப்படிக் கேளுங்கள்: என் விண்ணப்பம் பற்றி முன்னுரிமைத் துறைக் கடன் பதிவேட்டில் உள்ள பதிவின் நகல், என் விண்ணப்பக் கோப்பின் குறிப்புத் தாள்களின் நகல், கல்விக்கடன் விண்ணப்பத்தின் மீது முடிவெடுக்க இயக்குநர் குழு நிர்ணயித்த கால வரம்பு என்ன, அந்தத் தீர்மானத்தின் நகல், என் விண்ணப்பம் எந்தெந்தத் தேதியில் எந்த அலுவலரிடம் இருந்தது என்ற விவரம். அந்தப் பதிவேட்டில் உங்கள் பெயரே இல்லை என்று பதில் வந்தால் வருந்தாதீர்கள். முத்திரை போட்ட பிரதி உங்களிடம் இருக்கிறது, பதிவேட்டில் ஏற்றவில்லை என்று வங்கியே ஒப்புக்கொள்கிறது. சேவைக் குறைபாட்டுக்கு இதைவிட நல்ல சான்று கிடைக்காது. பதில் வராவிட்டால் 30 நாளில் முதல் மேல்முறையீடு, அதன் பின் 90 நாளில் மத்திய தகவல் ஆணையம்.

ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளர்

2021 நவம்பர் 12 முதல் வங்கி, நிதி நிறுவனம், மின்னணுப் பணப் பரிமாற்றம் எல்லாவற்றுக்கும் ஒரே குறைதீர்ப்பாளர் அமைப்பு வந்துவிட்டது. ரிசர்வ் வங்கியின் முறையீட்டு மேலாண்மைத் தளத்தில் கட்டணமின்றிப் பதியலாம். 14448 என்ற எண்ணில் தமிழிலும் விளக்கம் கேட்கலாம்.

இங்கே முறையீடுகள் தள்ளுபடியாகும் காரணங்களைத் தெரிந்துகொண்டு போவது நல்லது. வங்கிக்கு முதலில் எழுதாமல் நேரே வந்தால் தள்ளுபடி. வங்கிக்கு எழுதி 30 நாள் முடிவதற்குள், பதிலும் வராதபோது வந்தால் தள்ளுபடி. அதே விஷயம் நீதிமன்றத்திலோ நுகர்வோர் ஆணையத்திலோ நிலுவையில் இருந்தால் தள்ளுபடி. வழக்கறிஞர் மூலம் தாக்கல் செய்தாலும் ஏற்க மாட்டார்கள். நீங்களே போட வேண்டும், அல்லது வழக்கறிஞர் அல்லாத ஒருவருக்கு அதிகாரம் தந்து போட வைக்கலாம்.

எல்லாவற்றையும்விட, "வங்கியின் வணிக முடிவு" என்ற விலக்கு இருக்கிறது. "எனக்குக் கடன் கொடுக்க உத்தரவிடுங்கள்" என்ற ஒரு வரியில் முறையீடு எழுதினால் அந்தப் பள்ளத்தில் விழுந்துவிடும். மாறாக, ஒப்புகை தரவில்லை, கால வரம்பு மீறப்பட்டது, காரணம் எழுத்தில் தரவில்லை, 4 லட்சத்துக்குட்பட்ட கடனுக்குப் பிணையம் கேட்டார்கள் என்று ரிசர்வ் வங்கியின் விதி மீறல்களை வரிசையாக வையுங்கள். ஒவ்வொன்றுக்கும் எதிரே ஆதாரத்தின் எண். வேண்டுகோளாக, "விண்ணப்பத்தைக் குறித்த காலத்துக்குள் விதிப்படி பரிசீலித்து எழுத்தில் முடிவு தரவும், தாமதத்தால் கட்டிய அபராதக் கட்டணம், மன உளைச்சல் ஆகியவற்றுக்கு இழப்பீடு தரவும்" என்று கேளுங்கள்.

இன்னொரு பயனும் உண்டு. பெரிய வங்கிகளுக்குள்ளேயே உள்ளகக் குறைதீர்ப்பாளர் என்று ஒருவர் இருக்கிறார். வங்கி ஒரு முறையீட்டை முழுதாகவோ பகுதியாகவோ நிராகரிப்பதானால் அவர் பார்வைக்குத் தானாகவே போக வேண்டும். நீங்கள் அவரை நேரில் அணுக முடியாது. ஆனால் வங்கியின் பதில் கடிதத்தில் "உள்ளகக் குறைதீர்ப்பாளர் பரிசீலித்தார்" என்ற வாசகம் இல்லாவிட்டால், அதையும் ரிசர்வ் வங்கிக்கு எழுதலாம்.

வங்கிக்கு முறையிட்டு 30 நாள் முடிந்ததும் அடுத்த வாரமே பதிந்துவிடுங்கள். இதற்கும் காலக்கெடு உண்டு, தள்ளிப் போடுவதால் லாபமில்லை.

நுகர்வோர் ஆணையம்

கல்வியாண்டே வீணாகிவிட்டது, அல்லது தாமதத்தால் கந்துவட்டிக்கு வாங்கிக் கட்டணம் கட்ட நேர்ந்தது என்றால், இழப்பீட்டுக்கு ஏற்ற இடம் மாவட்ட நுகர்வோர் ஆணையம். 2019-ஆம் ஆண்டுச் சட்டத்தில் வங்கிச் சேவை "சேவை" என்பதற்குள் வெளிப்படையாகவே வருகிறது. நீங்கள் வசிக்கும் மாவட்டத்திலேயே தாக்கல் செய்யலாம், வங்கியின் தலைமையகம் மும்பையில் இருந்தாலும் கவலையில்லை. சேவைக்குக் கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் என்றால் தாக்கல் கட்டணம் கிடையாது. காரணம் எழுந்த நாளிலிருந்து 2 ஆண்டு அவகாசம். வழக்கறிஞர் கட்டாயமில்லை. வழக்கு நடக்கும்போதே இடைக்கால உத்தரவு கேட்கவும் சட்டத்தில் இடமிருக்கிறது.

வங்கித் தரப்பு எழுப்பும் முதல் ஆட்சேபம் இதுவாக இருக்கலாம்: "கடனே வாங்காதவர் எப்படி நுகர்வோர் ஆவார்? பணம் எதுவும் கொடுக்கவில்லையே?" இதைச் சமாளிக்க, விண்ணப்பத்துக்காக வங்கி வசூலித்த கட்டணம், சொத்து மதிப்பீட்டுக்கும் சட்டக் கருத்துக்கும் வாங்கிய தொகை, அந்த வங்கியில் உங்கள் பெயரில் உள்ள கணக்கு ஆகியவற்றின் ரசீதுகளைச் சேர்த்து வையுங்கள். ஒரு ரசீதும் இல்லாதவர்கள் இங்கே வருவதற்கு முன் ஒரு வழக்கறிஞரிடம் பேசிவிடுவது நல்லது. 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணும் இருக்கிறது.

உயர் நீதிமன்றம்

அரசு வங்கி, கண்ணெதிரே கட்டணக் கடைசி நாள், எழுதிய கடிதத்துக்குப் பதிலே இல்லை. இந்த மூன்றும் சேர்ந்தால் அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் நீதிப்பேராணை மனு போடுவதை யோசிக்கலாம். கன்னியாகுமரியிலிருந்து தஞ்சை, திருச்சி, கரூர் வரையிலான தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை, மற்றவர்களுக்குச் சென்னை. தனியார் வங்கிக்கு எதிராக இந்த வழி பொதுவாக எடுபடாது. தனியார் வங்கி ஒன்று அரசின் அங்கமல்ல என்று உச்ச நீதிமன்றம் 2003-இல் ஃபெடரல் வங்கி வழக்கில் தீர்ப்பளித்திருக்கிறது.

எதிர்பார்ப்பைச் சரியாக வைத்துக்கொள்ளுங்கள். நீதிமன்றம் பெரும்பாலும் "கடன் கொடு" என்று சொல்லாது. "இந்த மாணவரின் மனுவை இத்தனை வாரத்துக்குள் சட்டப்படி பரிசீலித்து முடிவெடு" என்று சொல்லும். இதற்காக உங்கள் முறையீட்டுக் கடிதமும் அது வங்கிக்குப் போய்ச் சேர்ந்த சான்றும் மனுவோடு இணைக்கப்பட வேண்டும். முன்கூட்டியே கேட்காத ஒன்றைக் கொடுக்கச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிடாது. ஏற்கெனவே எழுத்தில் நிராகரித்திருந்தால், அந்த உத்தரவை ரத்து செய்யக் கோரும் வகையில் மனு வேறு மாதிரி அமையும். சிபில், பிணையம், சேவைப் பகுதி போன்ற விதிக்கு மாறான காரணங்கள் அங்கேதான் உடைபடும்.

செலவை நினைத்துப் பின்வாங்க வேண்டாம். சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச வழக்கறிஞர் கிடைப்பார், மற்றவர்களுக்கு வருமான உச்சவரம்பு உண்டு. விண்ணப்பிக்கும் மாணவி, மகனுக்காக இணைக் கடனாளராகக் கையெழுத்திட்ட அம்மா, இருவருமே பெண்கள் என்ற தகுதியிலேயே கேட்கலாம். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். எண் 15100.

கட்டணத் தேதி மட்டும் காத்திருக்காது

வழக்கு ஓடட்டும், கல்லூரியில் இடம் தங்க வேண்டும். வங்கியில் விண்ணப்பம் நிலுவையில் இருப்பதைக் காட்டும் முத்திரைப் பிரதியை இணைத்து கல்லூரி முதல்வருக்கு அவகாசம் கேட்டு எழுதுங்கள். தவணையாகக் கட்ட அனுமதி தரும் கல்லூரிகள் உண்டு. கல்லூரி தரும் பதிலையும், தாமதக் கட்டணம் விதித்தால் அந்த ரசீதையும் பத்திரப்படுத்துங்கள். நாளை இழப்பீட்டுக் கணக்கில் முதல் வரி அதுதான். வேறு வங்கிக்கு விண்ணப்பிக்கவும் தயங்க வேண்டாம், ஒரு வங்கியோடு தகராறு என்பதற்காக அடுத்த வங்கியின் வாசலில் நிற்கக் கூடாது என்று இல்லை. கடன் ஒரு இடத்தில் ஒப்புதலானதும் மற்ற இடங்களுக்கு எழுதி விண்ணப்பத்தைத் திரும்பப் பெறுங்கள். தாமதத்துக்கான இழப்பீட்டுக் கோரிக்கை அதனால் செத்துவிடாது.

ஒப்புதல் கடிதம் கைக்கு வந்ததும் இன்னொரு சிக்கல் காத்திருக்கும். முதல் ஆண்டுக் கட்டணம் போய்விடும், இரண்டாம் ஆண்டுப் பணம் வராது. ஒவ்வொரு ஆண்டும் மதிப்பெண் பட்டியலையும் கட்டண விவரத்தையும் கல்லூரி திறப்பதற்கு ஒரு மாதம் முன்பே முத்திரை வாங்கிக் கொடுத்துவிடுங்கள். குடும்ப ஆண்டு வருமானம் 4.5 லட்ச ரூபாய்க்குள் என்றால், தொழிற்கல்வி, தொழில்நுட்பப் படிப்புகளுக்குப் படிப்புக் காலத்திலும் அதன் பின் ஓராண்டும் சேரும் வட்டியை மத்திய அரசே ஏற்கும் மானியம் உண்டு. அதற்கான வருமானச் சான்றைக் கடன் வாங்கும் போதே கொடுத்து, மானியக் கோரிக்கை பதிவானதா என்று கிளையில் எழுத்தில் கேளுங்கள்.